கதிரேசன் சத்தம் பிரித்த கதை

லாரிச் சத்தத்தை மட்டும் தனியாகப் பிடித்தே தீருவது என்று கதிரேசன் சபதம் எடுத்த நேரத்தில், அடுப்படியில் அவன் மனைவி செவ்வந்தி மிக்ஸியைப் போட்டாள். சபதமே அவன் காதில் விழவில்லை. மறுபடி ஒரு முறை எடுக்க வேண்டியதாயிற்று.

லாரி என்றால் நிஜ லாரி அல்ல, கம்ப்யூட்டரில் ஓடுகிற விளையாட்டு லாரி. சிங்காநல்லூரில் ஒரு நூல் மில்லில் அவனுக்கு நிரந்தர நைட் ஷிப்ட். காலையில் வீடு வந்து, குளித்து, சாப்பிட்டு, தூக்கம் பிடிக்காமல் புரண்டு, கடைசியில் எழுந்துபோய் லாரியைக் கிளப்புவான். பனிமலை, ஊசியிலைக் காடு, ஈ காக்கை இல்லாத நெடுஞ்சாலை. ஓட்டுவதோடு விடாமல் அதை ரெக்கார்டு செய்து யூடியூபிலும் போட்டு வந்தான். பார்ப்பவர்கள் கொஞ்சம் பேர்தான். ஆனால் எல்லோருக்கும் பாம்புக் காது.

அதுதான் வினை. லாரி ஆல்ப்ஸ் மலை ஏறும்போது மிக்ஸி ஓடிய வீடியோவுக்குக் கீழே, "அண்ணா, தேங்காச் சட்னிங்களா, தக்காளிச் சட்னிங்களா?" என்று ஒருவர் கேட்டிருந்தார். மலையிறக்கத்தில் ஒரு பெண் குரல் "கேஸ்காரர் வந்துட்டுப் போயிட்டாருங்க" என்கிறதே, அது வழிகாட்டும் கருவியா என்று இன்னொருவர் விசாரித்திருந்தார். இது போதாதென்று, கம்ப்யூட்டரில் திறந்து கிடந்த வாட்ஸப்பில் செவ்வந்தியின் ஒறம்பரை, அதாவது சொந்தக்காரக் கூட்டம், அனுப்பிய குரல்செய்திகளும் லாரியில் தொற்றிக்கொண்டன. சுவிட்சர்லாந்து எல்லைச் சாவடியில் காரமடைப் பெரியம்மாவின் மூட்டுவலி.

இரவு பூராவும் மில்லில் நூல் சுற்றும் கதிர்கள் கூடி இரைவதைக் கேட்டுக் கேட்டுப் பழுத்த காது அவனுடையது. பகலிலாவது ஒரே ஒரு சத்தம், பக்கத்தில் வேறெதுவும் இல்லாமல், அது மட்டும் கேட்க வேண்டும் என்று அந்தக் காதுக்கு ஓர் ஏக்கம். வெளியே சொல்லவில்லை. சொன்னால் டாக்டரிடம் போகச் சொல்வார்கள்.

அவன் குறி வருகிற ஞாயிற்றுக்கிழமை. சனி ராத்திரி ஷிப்ட் கிடையாது என்பதால், வாரத்தில் அவனுக்கென்று இருக்கிற ஒரே நாள். இணையத்தில் பழக்கமான கூட்டாளிகள் ஆளுக்கொரு லாரியோடு வரிசை கட்டி, பொழுது சாயும்வரை ஓட்டுவதாக ஏற்பாடு. அதை ஒரு பொட்டு மிக்ஸி கலக்காமல் பிடித்துவிட்டால் இந்த ஜென்மத்துக்குப் போதும் என்றிருந்தான்.

அதே ஞாயிற்றுக்கிழமையின் மேல் செவ்வந்திக்கும் கண். அவள் அண்ணன் வேலுமணிக்குக் காரமடையில் கறிவேப்பிலைத் தோட்டம், சொந்தத்தில் குட்டியானை என்கிற ஒரு சின்ன லோடு வண்டி. டிரைவர் கல்யாணம் கட்டிக்கொண்டு மாமியார் வீட்டோடு போய்விட்டான். ஞாயிற்றுக்கிழமை லோடு ஈரோடு போயாக வேண்டும்; ஒரு நாள் தப்பினால் இலை கருத்து, மாடுகூடத் திரும்பிப் பார்க்காது. சொந்தபந்தத்தில் லைசென்சும் லீவும் ஒருங்கே உள்ளவன் கதிரேசன் ஒருத்தன்தான்.

முதுகு வலி என்று சொல்லிவிட்டான். ஆல்ப்ஸ் மலையில் இரும்புத் தகடு ஏற்றிப் போகிற முதுகுக்குக் கறிவேப்பிலையா கனமாகப் போயிற்று என்று அவள் கேட்டாள். அது வேற முதுகு என்றான்.

செவ்வந்தியால் கேட்காமலும் இருக்க முடியாது, கேட்டும் பயனில்லை. காரணம், ஹெட்போன் மாட்டிவிட்டால் கதிரேசனிடமிருந்து வருகிற பதில் ஒன்றே ஒன்று. "ஆகட்டும் அம்மணி." அரிசி தீர்ந்துவிட்டது என்றாலும் அதுதான், வீடு தீப்பிடித்தது என்றாலும் அதுதான். கழற்றிய பிறகு கேட்டால், "நான் எப்பச் சொன்னேன்? சாட்சி இருக்குதா?" என்பான். ஒரு தடவை அவள் அவனுடைய வீடியோவையே சாட்சிக்கு இழுத்தாள். ஓட்டிப் பார்த்தார்கள். "ஆகட்டும்" வருகிற இடத்தில் லாரி ஹார்ன் அடித்திருந்தது. கேஸ் தள்ளுபடி.

கதிரேசன் யாரிடமும் போய்ப் படித்தவனில்லை. தட்டித் தடவிக் கற்றுக்கொள்கிற ஜாதி. ஊர் பேர் தெரியாதவர்களின் வீடியோக்களைப் பார்த்து, பாதி புரிந்து, மீதியைப் பிடிவாதத்தால் நிரப்பினான். கடைசியில் முடிச்சு அவிழ்ந்தது. கம்ப்யூட்டரில் வருகிற எல்லாவற்றையும் பிடிக்காதே, விளையாட்டின் சத்தத்தை மட்டும் பிடி என்று ரெக்கார்டிங் சாப்ட்வேரிடம் சொல்ல ஒரு வழி இருந்தது. வாட்ஸப் பெரியம்மா அந்த இடத்திலேயே இறங்கிக்கொண்டாள். மேஜை மைக்கில் விழுகிற சத்தத்தைத் தனி டிராக்கில் போட இன்னொரு வழி இருந்தது.

அன்றைக்கு அவனுக்கு வாய் சும்மா இருக்கவில்லை. செவ்வந்தியைக் கூப்பிட்டு உட்கார வைத்து விளக்கினான்.

"இத்தனை நாளா எல்லாத்தையும் ஒரே சட்டியில போட்டுக் கிண்டிட்டு இருந்தேன் அம்மணி. இப்ப அடுக்குப்போசி, டிபன் கேரியர் மாதிரி. மேல் அடுக்குல லாரி மட்டும். மைக்குல விழுகற ஊட்டுச் சத்தமெல்லாம் கீழ் அடுக்கு. யூடியூபுக்கு மேல் அடுக்கு மட்டும்தான் போகும்."

"அப்பக் கீழ் அடுக்கைக் கொட்டிப்போடுவீங்களா?"

"எதுக்குக் கொட்டறது? நான் ஏதாவது நல்லதாப் பேசியிருந்தா எடுத்துச் சேத்துக்கலாமில்ல. அது பாட்டுக்கு மூடி கெடக்கும்."

செவ்வந்தி கொஞ்ச நேரம் திரையைப் பார்த்தாள். "நல்ல ஏற்பாடுங்க" என்று எழுந்து போனாள்.

அதன் பிறகு வீட்டில் ஓர் அதிசயம் நடந்தது. அவன் ரெக்கார்டு செய்கிற நேரத்தில் மிக்ஸி ஓடவில்லை. குக்கர் விசிலடிக்கவில்லை. டீயைக்கூட அவளே கொண்டுவந்து, மைக்குக்குப் பக்கத்தில் ஓசைப்படாமல் வைத்து, அவன் தோளோரம் சற்று நின்று, ஏதோ வாயசைத்துவிட்டுப் போனாள். கதிரேசனும் வழக்கப்படி பதில் சொல்லி வைத்தான். ஒரு கலைஞனின் அருமை கட்டியவளுக்குத் தெரிய இத்தனை வருஷம் ஆகியிருக்கிறது, பரவாயில்லை என்று மனசுக்குள் மன்னித்தும் விட்டான்.

சனிக்கிழமை மத்தியானம் வேலுமணி வந்து சேர்ந்தார். வாசலில் குட்டியானை. கையில் கறிவேப்பிலைக் கட்டு. கதிரேசன் முதுகைப் பிடித்துக்கொண்டே வரவேற்றான். ஆனால் மச்சான் ஈரோட்டைப் பற்றி வாயே திறக்கவில்லை. வெயிலைப் பற்றிப் பேசினார். மோர் குடித்தார். செவ்வந்திதான் ஆரம்பித்தாள்.

"அண்ணா, இவுரு சத்தத்தை இதுவேற அதுவேறன்னு பிரிச்சுப்போட்டாருங்ண்ணா."

வேலுமணி மீசையைத் துடைத்துக்கொண்டார். "கல்லையும் அரிசியையும் பிரிக்கலாம். கலந்த சத்தத்தைப் பிரிக்கறதாவது? மாப்ள உங்கிட்டச் சும்மா கதை உட்டிருப்பாரு."

முதுகிலிருந்து கை தானாக இறங்கிவிட்டது. கதிரேசன் மச்சானைக் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார வைத்து, ஸ்பீக்கரைத் திருப்பி, மேல் அடுக்கைப் போட்டான். எஞ்சின் உறுமியது. மழை கண்ணாடியில் விழுந்தது. கியர் விழுகிற சத்தம் தனியே, டயர் தண்ணீரைக் கிழிக்கிற சத்தம் தனியே. மிக்ஸி இல்லை, கேஸ்காரர் இல்லை. இத்தனை நாள் அவன் காது தேடியது அதுதான். கதிரேசனுக்குக் கண் லேசாகக் கலங்கியது.

வேலுமணியும் அசந்துபோனார். தன் வண்டி வாங்கின அன்றைக்குக்கூட இப்படி ஓடவில்லை என்றார்.

செவ்வந்தி மட்டும் கதவில் சாய்ந்து நின்று உதட்டைப் பிதுக்கினாள். "லாரி வருது, சரிங்க. மத்த சத்தம் எங்கீங்க? அது செத்துப் போயிருந்தா இதுக்குப் பேரு பிரிக்கறதில்லீங்களே, அழிக்கறதுங்க. அழிக்கறதுக்கு என்ன, சின்னக் கொழந்தகூட அழிச்சுப்போடும்."

"அதானே" என்றார் அண்ணன்.

யாரும் அவனை அதுவரை அப்படி அவமானப்படுத்தியதில்லை. "அழிக்கறதா? இருக்குது அம்மணி. அச்சுக் கொலையாம இருக்குது. பாக்கறீங்களா மச்சான்?" என்று லாரியின் வாயை அடைத்துவிட்டுக் கீழ் அடுக்கைத் திறந்தான்.

முதலில் மின்விசிறி சுற்றியது. நாற்காலி முனகியது. டம்ளர் வைக்கிற சத்தம், அத்தனை துல்லியமாக. கதிரேசன் பெருமையோடு மச்சானைப் பார்த்தான்.

அப்புறம் ஸ்பீக்கரில் செவ்வந்தி பேசினாள்: "ஏனுங்க, ஞாயித்துக்கெழமை அண்ணன் வண்டியை ஈரோட்டுக்கு நீங்க ஓட்டிட்டுப் போகோணுங்க. சரிங்களா?"

"ஆகட்டும் அம்மணி."

"முதுகு வலின்னு சொல்ல மாட்டீங்களே?"

"ஆகட்டும் அம்மணி."

"பேச்சு மாறக் கூடாதுங்க. எங்கண்ணன் வந்து நிக்கறப்போ என்ற மானத்தை வாங்கிப்போடாதீங்க."

"ஆகட்டும் அம்மணி, ஆகட்டும்."

ஹார்ன் எதுவும் அடிக்கவில்லை. ஒவ்வொரு எழுத்தும் கழுவி வைத்த பாத்திரம் மாதிரி பளபளத்தது. இது தன் குரல் இல்லை என்று சொல்லிப் பார்க்கலாமா என்று கதிரேசன் யோசித்தான். அதற்குள் வேலுமணி எழுந்து, மாப்பிள்ளையின் தோளைத் தட்டி, வண்டிச் சாவியைக் கீபோர்டின் மேல் வைத்துவிட்டு, அதிகாலை ஐந்துக்கு லோடு தயாராக இருக்கும் என்று சொன்னார். ஞாயிற்றுக்கிழமை போயிற்று.

சரி, போனது போகட்டும், ரெக்கார்டிங்கையாவது மூடுவோம் என்று கதிரேசன் மவுசைப் பிடித்தான்.

"இருங்க, நிறுத்தாதீங்க" என்றாள் செவ்வந்தி. "கம்ப்யூட்டரை எடுத்துப்போட்டு இந்த ரூம்புல எங்கம்மாவைத் தங்க வெக்கறேன்னு ஒத்துக்கிட்டது இனிமேத்தான் வருதுங்க."