நான் இறக்கவில்லை, ஸாதனா படம் வரைகிறாள்

மட்டாஞ்சேரி,
சனிக்கிழமை

மகாராஜராஜஸ்ரீ அத்திம்பேர் வெங்கிடேஸ்வரன் அவர்களுக்கு, தங்கள் மச்சினன் அனந்தநாராயணன் சாஷ்டாங்கமாக நமஸ்கரித்து எழுதிக்கொண்டது. இவ்விடம் நான், நீலாம்பாள், குழந்தை ஸாதனா மூவரும் பகவான் கிருபையில் சௌக்கியம். மூவரில் நானும் சேர்த்தி என்பதைத் தாங்கள் தயவுசெய்து இன்னொரு தடவை படிக்கவும். நேற்று மத்தியானம் தங்களுக்கு வாட்ஸப்பில் வந்த செய்தி தவறு. மாலையும் கழுத்துமாக வந்த அந்தப் படம் என் சஷ்டியப்தபூர்த்தியில் எடுத்தது. பக்கத்தில் இருந்த நீலாம்பாளை வெட்டிவிட்டு, இங்கே நம்மவர்கள் சமூக மடத்து செக்ரட்டரி ஊர் முழுக்க அனுப்பிவிட்டார். மாலை ஏற்கெனவே இருந்ததால் அவருக்கு வேலை மிச்சம். செய்தி பொய் என்று சொல்ல நானே அக்காவுக்கு ஃபோன் பண்ணினேன். என் குரலைக் கேட்டதும் அக்கா ஃபோனைக் கீழே போட்டது இங்கே நன்றாகக் கேட்டது. அதனால்தான் இப்போது கையெழுத்தில் எழுதி, பாலக்காட்டுக்குச் சுக்கு ஏற்றிக்கொண்டு வரும் எதிர்க்கடை சிகாபுதீன் லாரியில் கொடுத்தனுப்புகிறேன். வீட்டில் எல்லோரும் தலைமுழுகியிருப்பீர்கள். பரவாயில்லை, வெயில் காலம்.

முதலில் முக்கியமான விஷயம். களமசேரி ஃபாக்டரி ஆபீஸில் தாங்கள் நாலு பேரைப் பார்த்து ஸாதனாவுக்கு வாங்கித் தந்த வேலையில் அவள் திங்கட்கிழமை சேருவாள். நான் கொடுத்த வாக்கு வாக்குதான். படம் வரைந்து ஒருத்தி சோறு தின்ன முடியுமா என்று தாங்கள் கேட்டபோது நானும் தலையாட்டினவனாக்கும். அதிலிருந்து மாறவில்லை.

இனி நடந்ததைச் சொல்கிறேன். ஸாதனா நம் வீட்டு விவகாரங்களைப் படக்கதையாக வரைந்து வாராவாரம் இன்டர்நெட்டில் போடுவது தங்களுக்குத் தெரியும். குழந்தைக்குத் தமிழ் எழுத வராததால் நம் வீட்டுப் பேச்சை அப்படியே மலையாள எழுத்தில் போடுகிறாள். அதை எங்கேயோ பனி பெய்கிற தேசத்தில் கம்ப்யூட்டர் விளையாட்டுப் பண்ணுகிற ஒரு சின்னக் கம்பெனிக்காரர்கள் பார்த்திருக்கிறார்கள். பழைய காலத்துத் துறைமுகத்தில் ஒரு மிளகு வியாபாரி கொலையாகிறான், விளையாடுகிறவன் கொலைகாரனைக் கண்டுபிடிக்கணும், அதற்கு ஒரு படம் மாதிரிக்கு வரைந்து காட்டு, பிடித்தால் மேலே பேசலாம் என்று எழுதியிருந்தார்கள். இவளோ ஆளை நேரில் பார்க்காமல் வரையமாட்டாள். ஆள் என்றால் வீட்டில் நான்தான். குடையை வாளாகப் பிடித்து நின்றேன். பாய்மரம் ஏறுகிறவன் மாதிரி ஜன்னல் கம்பியில் தொங்கினேன். எதிரே சிகாபுதீன் கிட்டங்கியில் மூட்டை தூக்குகிறவர்கள் சாயாவைக் கையில் வைத்துக்கொண்டு குடிக்காமல் பார்த்தார்கள். மிளகுக் கம்பெனியில் மானேஜராக இருந்து ரிட்டயரான மனுஷன் நான், எனக்கு இது வேண்டுமா என்று நீலாம்பாளிடம் கேட்டதற்கு, "சும்மா உக்காந்து டிவி பாக்கறதுக்கு இது தேவலை" என்றாள்.

நேற்று பிணம். கூடத்தில் வாசல் வெளிச்சம் முகத்தில் விழுகிற மாதிரி என்னை வெள்ளை வேஷ்டியோடு படுக்க வைத்தாள். வெளிச்சத்துக்காகப் படுக்க வைத்ததில் தலை தெற்கே போய்விட்டது. நிழலில் கொஞ்சம் மஞ்சள் வேண்டும் என்று பூஜை அறையிலிருந்து குத்துவிளக்கைக் கொண்டுவந்து தலைமாட்டில் ஏற்றிவைத்தாள். அவள் ஏணியில் ஏறிப் பரண் பக்கத்தில் உட்கார்ந்து மேலிருந்து ஃபோட்டோ எடுத்துக்கொண்டிருந்தாள். வெள்ளிக்கிழமை, எண்ணெய் ஸ்நானம் பண்ணிவிட்டு நீலாம்பாள் தலையை விரித்துப் போட்டுக்கொண்டு வந்தாள். நான் கிடந்த கிடையைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு, தோள் குலுங்க என் காலடியில் உட்கார்ந்துவிட்டாள். அந்தச் சமயம் பார்த்துக் கறிவேப்பிலை கேட்க அடுத்த வீட்டுக் கமலாக்ஷி மாமி வாசலில் வந்து நிற்கிறாள். தெற்கே தலை, தலைமாட்டில் விளக்கு, காலடியில் தலைவிரி கோலமாகப் பெண்டாட்டி. அத்திம்பேர், நம்மவர்களில் யார் பார்த்தாலும் வேறு என்ன நினைப்பார்கள்? மாமி கறிவேப்பிலையை மறந்து செக்ரட்டரி வீட்டுக்கு ஓடினாள். சற்றைக்கெல்லாம் கூடம் நிறைந்துவிட்டது.

நான் ஏன் எழுந்திருக்கவில்லை என்று அக்கா கேட்பாள். மேலேயிருந்து ஸாதனா, "அப்பா, அசங்காதே, இன்னும் ஒரே ஒரு படம்" என்று கிசுகிசுத்தாள், அது ஒன்று. உண்மையைச் சொல்வதானால், கேட்க நன்றாக இருந்தது. சிகாபுதீன் தேம்பித் தேம்பி அழுதார். "காலையிலகூட சுக்கு நல்லா காஞ்சிருச்சான்னு கேட்டாரே சாமி. இனி யாரு வந்து கேப்பா?" என்றார். அந்த மனுஷர் என்மேல் இவ்வளவு பிரியம் வைத்திருப்பது எனக்குத் தெரியவே தெரியாது. மூடிய கண்ணுக்குள் எனக்கும் ஈரம் கட்டிவிட்டது. கமலாக்ஷி மாமி, "பாவம், நல்ல மனுஷனாக்கும். ஓணத்துக்குப் பிரதமன் பாயசம் வைக்க வாங்கிண்டு போன உருளியைத் திருப்பித் தந்துட்டுப் போயிருக்கலாம்" என்றாள். அதையும் பொறுத்துக்கொண்டேன். செக்ரட்டரி மெதுவாகப் பக்கத்தில் இருந்தவரிடம், "சமூகத்துப் பொருளாளர் ஸ்தானம் காலியாச்சே, நம்ம மச்சினனைப் போட்டுடலாமா" என்றார். அதைப் பொறுக்க முடியவில்லை. எழுந்து உட்கார்ந்து, "பொதுக்குழுவைக் கூட்டாம எப்படி ஓய் போடுவேர்?" என்று கேட்டுவிட்டேன். கமலாக்ஷி மாமி சிகாபுதீன் மேல் சாய்ந்தாள். சிகாபுதீன் சுவர் மேல் சாய்ந்தார். செக்ரட்டரி வாசல் தாண்டி ஓடினவர், இன்னும் வந்து செருப்பை எடுத்துக்கொண்டு போகவில்லை.

இத்தனை முகத்தையும் ஸாதனா மேலிருந்து எடுத்துத் தள்ளிவிட்டாள். உடனே உட்கார்ந்து சாயங்காலத்துக்குள் வரைந்து அனுப்பினாள். நான் பார்த்தேன் அத்திம்பேர். மிளகு மூட்டைகளுக்கு நடுவே வியாபாரி கிடக்கிறான், சுற்றி ஜனம். கிடக்கிறவன் நான்தான், என் காதோரத்து மச்சம்கூட இருக்கிறது. சிகாபுதீன் அழுகிற அழுகையைப் பார்த்தால் தங்களுக்கும் அழுகை வரும். இந்தக் குழந்தை நம்மையெல்லாம் இவ்வளவு உற்றுப் பார்த்துக்கொண்டிருக்கிறதே என்று எனக்கு ஒரே பெருமை. கம்பெனிக்காரர்கள் ராத்திரி சாப்பாட்டுக்கு முன்பே பதில் போட்டுவிட்டார்கள். விளையாட்டு முழுவதற்கும் இவள்தான் ஓவியராம், வருகிற ஆள் எல்லோரையும் இவளே வரையணுமாம். அவளும் நீலாம்பாளும் கையைப் பிடித்துக்கொண்டு அடுக்களையில் குதித்த குதியில் மேல்தட்டிலிருந்து அப்பளக்கட்டு விழுந்தது. இன்று காலை முதல் தெருவே கொண்டாடுகிறது. சிகாபுதீன் தலைவாரிக்கொண்டு கடையில் உட்கார்ந்திருக்கிறார். கமலாக்ஷி மாமி வைரத்தோடு போட்டுக்கொண்டு வந்து, "என்னை அழாத முகமா இன்னொண்ணு வரையேண்டி" என்று கேட்கிறாள்.

குதித்து முடிந்ததும் ஸாதனா சும்மா உட்கார்ந்துவிட்டாள். "அத்திம்பேர்கிட்ட வாக்குக் கொடுத்தாச்சேப்பா, கம்பெனிக்கு முடியாதுன்னு எழுதிடறேன்" என்றாள். நானும் சரி என்றேன். ஆகவே தாங்கள் எதற்கும் கவலைப்பட வேண்டாம். திங்கட்கிழமை காலை அவளை நானே பஸ் ஏற்றிவிடுகிறேன். அக்காவுக்கு என் அன்பையும், நான் உயிரோடிருக்கும் விவரத்தையும் சொல்லவும். தங்கள் ஆசீர்வாதத்தை எந்நாளும் வேண்டும்,

அனந்தநாராயணன்

பின்குறிப்பு: லாரி கிளம்புவதற்குள் இதையும் எழுதிவிடுகிறேன். ஸாதனா திங்கட்கிழமை களமசேரிக்குப் போகமாட்டாள். அவள்மேல் குற்றமில்லை, அவள் ஆபீஸுக்கென்று சுடிதாரை இஸ்திரி போட்டுக் கொடியில் மாட்டியிருக்கிறாள். அதைப் பார்க்க எனக்குச் சகிக்கவில்லை. ஆபீஸுக்கு நானே ஃபோன் பண்ணி வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். வாக்கு மாறினவன் நான்தான். அவளிடம் இன்னும் சொல்லவில்லை, கடிதத்தை ஒட்டியதும் போய்ச் சொல்லப் போகிறேன். இன்னொன்று. விளையாட்டில் அடுத்து துறைமுகத்து ராஜா வருகிறாராம். யாரைக் கண்டாலும் சீறுகிற ராஜா. அதற்கு யார் சரி என்று பேச்சு வந்ததும் நானும் நீலாம்பாளும் ஒரே சமயத்தில் தங்கள் பெயரைச் சொன்னோம். இதைப் படித்ததும் தங்களுக்குக் கோபம் வரும். அதை அங்கே அக்காவிடம் காட்டித் தீர்த்துவிடாமல், அப்படியே முகத்தில் வைத்துக்கொண்டு அடுத்த ரயிலில் வந்து சேரவும்.