தலையில்லாத் துறவியின் தொப்பிக் கொக்கி

வாய்மை வெல்லும் என்று கொடியில் எழுதிக் கோட்டை உச்சியில் பறக்கவிட்டிருக்கும் நகரம் எங்கள் ப்ராக். மற்ற ஊர்க்காரர்கள் உண்மையைப் பேசிப் பேசியே தேய்த்துவிட்டார்கள். நாங்கள் அதைக் காற்றாட உயரத்தில் வைத்திருக்கிறோம். யார் கையும் படுவதில்லை. எங்கள் உண்மை இன்றுவரை புத்தம் புதிதாக இருப்பதற்கு அதுவே காரணம்.

இப்படிப்பட்ட நகரத்தை வெளியூர்க்காரர்களுக்குக் காட்டிக் கொடுக்கும் பொறுப்பு வழிகாட்டிகளிடம் விடப்பட்டிருக்கிறது. அவர்களில் ஒருவன் ஹினெக். கூட்டம் வழி தவறாமலிருக்க உயர்த்திப் பிடிக்கும் குடையின் நிறத்தால் மஞ்சள் குடைக்காரன். அவன் நடத்தியது 'சிறு குழு நடை'. இது மிக உயர்ந்த கருத்து. ஐம்பது பேரை ஒரே குடையின் பின்னால் கூட்டிக்கொண்டு போனால் அது மந்தை. அதே ஐம்பது பேரை ஏழெட்டுக் குடைகளின் பின்னால், அதே சந்தில், அதே நேரத்தில் கூட்டிக்கொண்டு போனால் அது 'நெருக்கமான அனுபவம்'. அது எவ்வளவு நெருக்கமானது என்பதை அந்தச் சந்தில் குடியிருப்பவர்கள் நன்றாக அறிவார்கள்.

ஹினெக்கும் அப்படி ஒரு சந்தில்தான் குடியிருந்தான். மாலா ஸ்ட்ரானாவில், குச்செரோவா அம்மாளின் வீட்டு மாடி அறையில். வாடகை குறைவு. அந்த வட்டாரத்தில் வாடகை குறைவான அறை என்பது ஆவியைவிட அரிய காட்சி.

ஒரு நாள் அவன் குழுவோடு அந்தச் சந்தைக் கடக்கும்போது மழை பிடித்துக்கொண்டது. எல்லாரும் அம்மாளின் வாசல் வளைவுக்குக் கீழே ஒதுங்கினார்கள். குழுவில் டென்மார்க்கிலிருந்து வந்த பல் மருத்துவர் ஒருவர் இருந்தார். தொழில் காரணமாக அவருக்கு எந்தச் சுவரைப் பார்த்தாலும் ஓட்டை, துருத்தல் எல்லாம் கண்ணில் படும். நிலைக்காலை ஒட்டி, கேள்விக்குறிபோல் வளைந்த ஒரு பழைய இரும்புக் கொக்கியை அவர் விரலால் தட்டினார்.

"இது என்னங்க?"

அது என்ன என்று ஹினெக்குக்கு நன்றாகவே தெரியும். அம்மாளின் காலஞ்சென்ற கணவர் குச்செரா, தன் குட்டைக்கால் நாய் ப்ரோக்கை நடத்திக் கூட்டிவந்ததும், சேற்றுக் காலைத் துடைக்கும்வரை அதைக் கட்டிவைக்க அடித்த கொக்கி. சொல்லத்தான் வாயெடுத்தான். ஆனால் பல் மருத்துவரின் காலணிகள் கண்ணில் பட்டன. கடல் தாண்டி வந்து நனைந்த காலணிகள். அவற்றுக்கு முன்னால் நாய் கட்டுகிற கொக்கி என்ற உண்மை மிகவும் சிறுத்துத் தெரிந்தது.

"தலையில்லாத் துறவியோட ஆவி ராத்திரியில தொப்பியை மாட்டி வைக்கிற கொக்கி" என்றான்.

"தலையே இல்லாதவருக்குத் தொப்பி எதுக்கு?"

"அதனாலதாங்க கொக்கி வேண்டியிருக்கு. தலை இருந்தா அதுலயே வச்சிருப்பாரே."

பல் மருத்துவர் யோசித்தார். எங்கே இடிக்கிறது என்று தேடினார், எங்கேயும் இடிக்கவில்லை. "நியாயந்தான்" என்று மனைவியிடம் சொல்லிவிட்டுக் கொக்கியைப் படம் எடுத்தார்.

ஒரு நல்ல கதைக்கு ஒரு வாய் போதும். மீதி வாய்கள் தாமாக வந்து சேரும். பச்சைக் குடைக்காரி துறவிக்கு ஒரு காதலியைக் கொடுத்தாள். நீலக் குடைக்காரர் படித்தவர். அவர் ஒரு நூற்றாண்டைக் கொடுத்தார். சிவப்புக் குடைக்காரர் கருணை உள்ளவர். கொக்கியைத் தொட்டால் தலைவலி போகும் என்றார். தலையில்லாதவருக்குத் தலைவலி வர வழியில்லை என்பதால் இதையும் யாராலும் மறுக்க முடியவில்லை. சந்து முனையில், அண்மையில் முளைத்த ஒரு பண்டத்தைப் 'பழம்பெரும் பண்டம்' என்று பலகை வைத்து விற்றுக்கொண்டிருந்த கடைக்காரர், பக்கத்திலேயே குட்டிக் குட்டித் துறவித் தொப்பிகளையும் தொங்கவிட்டார். தொட்டுத் தொட்டுக் கொக்கி பளபளவென்று ஆகிவிட்டது.

இதனால் இழப்பு ஒருவருக்கும் இல்லை, அம்மாளையும் நாயையும் தவிர. ப்ரோக்குக்கு வயதாகிவிட்டது, வெளியே போக வேண்டும் என்று தோன்றினால் உடனே போக வேண்டும். கதவைத் திறந்தால் வாசலில் ஒரு குடை நிற்கும். அது நகர்வதற்குள் அடுத்த குடை வந்துவிடும்.

ஒரு நாள் மாலை அம்மாள் மாடிப்படியின் அடியில் நின்று கூப்பிட்டாள்.

"ஹினெக்கு, கீழ வா. வர்றப்போ தொடைக்கிற துணியையும் எடுத்துட்டு வா."

ஹினெக் இறங்கி வந்தான். கூடத்து நடுவில் ப்ரோக் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தது. பக்கத்தில் குட்டை.

"உன் சாமியாரால இன்னைக்கும் உள்ளயே போயிடுச்சு. அது முகத்தப் பாரு. எவ்ளோ மானஸ்தன் தெரியுமா அது? எங்க வீட்டுக்காரர் வளத்த நாய்."

"குச்செரோவாம்மா, அவர் இப்ப என் சாமியார் இல்லைங்க. பொதுச் சொத்தா ஆயிட்டாரு."

"பொதுச் சொத்துன்னா பொது எடத்துல வச்சுக்க. கதவத் தொறந்து 'கொஞ்சம் வழி விடுங்க'ன்னு சொல்றேன், என்னையும் சேத்துப் படம் எடுக்கறானுங்க."

"உண்மையச் சொல்லிப் பாருங்களேன்."

"சொல்லாமலா இருப்பேன்? நேத்து ஜன்னலத் தொறந்து, 'அட மடப்பசங்களா, அது நாய் கட்டற கொக்கிடா'ன்னு கத்தினேன். அந்தச் செவப்புக் குடை என்ன சொன்னான் தெரியுமா? 'துறவி பேரைச் சொல்ல இந்தப் பக்கத்துல இன்னும் பயப்படறாங்க'ன்னான். எல்லாரும் கை தட்டறாங்க. இன்னைக்கு ஜன்னலுக்குக் கீழ நின்னு நான் எப்ப கத்துவேன்னு காத்துக்கிட்டு இருக்கானுங்க."

ஹினெக் துடைத்தான். அம்மாள் நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"இந்த வீட்டுல ஒண்ணு அந்தாளு இருக்கட்டும், இல்ல நீ இரு. ரெண்டு பேருக்கும் எடமில்ல. மாசக் கடைசி வரைக்கும் பாப்பேன்."

இது ஹினெக்குக்கு நிஜமாகவே தலைபோகிற காரியம். அந்த அறையை விட்டால் ரயிலேறி வரவேண்டிய தூரத்தில்தான் அடுத்த அறை. ஆகவே அவன் நேராக 'வாய்மொழி மரபுப் பாதுகாப்புக் குழு'வின் முன் போய் நின்றான். கதைகளைக் காப்பதும், அவற்றைச் சொல்வதற்கு வழிகாட்டிகளுக்கு உரிமம் தருவதும் அந்தக் குழுவின் திருப்பணி. தலைவர் டாக்டர் ப்ரொஹாஸ்கா. ப்ரொஹாஸ்கா என்றால் எங்கள் மொழியில் உலாப் போவது என்று பொருள். டாக்டர் அந்தப் பெயரோடு நிறுத்திக்கொண்டார். நாற்காலியை விட்டு அவர் எழுந்ததைப் பார்த்தவர்கள் குழுவில் யாரும் இல்லை.

மேசையில் காப்பியும், ரொட்டித் துண்டின்மேல் உருளைக்கிழங்கு சாலட்டும் அதன்மேல் ஹாம் இறைச்சியும் அடுக்கிய தட்டும் இருந்தன. மரபு தொடர்பான எந்த முடிவையும் வெறும் வயிற்றில் எடுப்பதில்லை.

"ஐயா, அந்தத் துறவி கதை பொய்ங்க" என்றான் ஹினெக். "நான்தான் கட்டிவிட்டேன்."

"எப்போ?"

"மழைக்கு ஒதுங்கினப்போ."

"ஆதாரம்?"

"நான்தாங்க ஆதாரம்."

டாக்டர் ப்ரொஹாஸ்கா அன்போடு சிரித்தார். "தம்பி, ஒரு தனி மனுஷனோட நினைப்பு மக்கள் மரபுக்கு முன்னால நிக்காது. நாங்க மத்த வழிகாட்டிங்களைக் கேட்டுட்டோம். எல்லாரும் ஒரே மாதிரி, தலைமுறை தலைமுறையா வர்ற கதைன்னு சொல்றாங்க."

"அவங்க எல்லாரும் என்கிட்ட கேட்டவங்கதாங்க."

"அதைத்தான் வாய்மொழி மரபுன்னு சொல்றோம்."

செயலாளர் ஸெமனோவா அம்மாள் இதைக் குறித்துக்கொண்டார். நல்ல வாக்கியம் எது வந்தாலும் அவர் குறித்துக்கொள்வார்.

"அந்தம்மாவால வீட்ட விட்டு வெளிய வர முடியலைங்க. நாய் வேற உள்ளயே..."

"மரபுக்கு நடுவுல வாழக் கொடுத்து வச்சிருக்கணும், ஹினெக். என்னைப் பாருங்க. கோட்டைக்குப் பின்னால ஒரு சந்துல இருக்கேன். பேர் சொல்ல ஒரு விளக்குக் கம்பத்தத் தவிர ஒண்ணும் கிடையாது. எவ்ளோ ஏக்கமா இருக்கும் தெரியுமா?"

"அப்போ துறவியை வேற எடத்துக்கு மாத்த முடியாதுங்களா?"

"கொக்கி எங்கயோ அங்கதான் துறவி. சுவர் இல்ல, கொக்கிதான் மரபு." ஸெமனோவா அம்மாள் அதையும் குறித்துக்கொண்டார். "இன்னொண்ணு. இந்த உண்மையை வெளியில போய்ச் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சீங்கன்னா, பொய்யான வரலாறு பரப்பினதா ஆகும். உரிமம் போயிடும். ஒரு ரொட்டித் துண்டு எடுத்துக்கங்க."

ஹினெக் ஒரு துண்டைத் தின்றுவிட்டு வீடு திரும்பினான். உண்மையைச் சொன்னால் உரிமம் போகும். சொல்லாவிட்டால் அறை போகும். குச்செரோவா அம்மாளிடம் நடந்ததை எல்லாம் சொன்னான். அவள் ப்ரோக்கின் காதைச் சொறிந்துகொண்டே கேட்டாள்.

"அந்தக் கொக்கி விஷயம் என்ன சொன்னான்? திருப்பிச் சொல்லு."

"கொக்கி எங்கயோ அங்கதான் துறவின்னாரு."

"பெரிய படிப்புப் படிச்சவன். சரியாத்தான் சொல்லியிருப்பான். அவன் எப்போ வீட்டுல இருக்க மாட்டான்?"

"இந்த வாரம் ப்ருனோவுக்குப் போறாரு. மரபும் வாய்மையும்னு ஒரு கருத்தரங்கம். தலைமையுரை இவருதான்."

அம்மாள் எழுந்து போய், கட்டிலுக்கு அடியிலிருந்து கணவரின் கருவிப்பெட்டியை இழுத்தாள்.

டாக்டர் ப்ருனோவில் மரபைக் காப்பாற்றிக்கொண்டிருந்த காலை வேளையில், கோட்டைக்குப் பின்னாலுள்ள சந்தில் ஒரு வயதான அம்மாள் அவர் வீட்டு நிலைக்காலில் அந்தப் பளபளத்த கொக்கியை நிதானமாகத் திருகிக்கொண்டிருந்தாள். ஹினெக் நாயைப் பிடித்துக்கொண்டு நின்றான். எதிர்வீட்டுக்காரர் ஜன்னலிலிருந்து என்னவென்று கேட்டதற்கு, "மரபுப் பாதுகாப்பு" என்றாள் அம்மாள். அவர் மரியாதையாக ஜன்னலைச் சாத்திக்கொண்டார்.

அன்று மதியமே ஹினெக் தன் குழுவை அங்கே கூட்டிக்கொண்டு போனான்.

"முன்னாடி துறவி மாலா ஸ்ட்ரானாவுல இருந்தாருங்க. இப்ப வீடு மாறிட்டாரு."

"ஆவி எதுக்கு வீடு மாறணும்?"

"வாடகை ஏறிப்போச்சுங்க."

குழு முழுவதும் தலையாட்டியது. அதுவரை அந்தக் கதையை நம்பாமல் இருந்த ஒருவர்கூட, "எங்க ஊர்லயும் இதே கதைதான்" என்று பெருமூச்சு விட்டார். துறவி பட்ட துன்பங்களில் தலை போனது அவ்வளவாக யாரையும் உருக்கவில்லை, வாடகைதான் உருக்கியது.

மற்றக் குடைகள் தொடர்ந்தன. தொப்பிக் கடைக்காரர் ஒரு தள்ளுவண்டி வாங்கினார்.

டாக்டர் ப்ரொஹாஸ்கா மாலையும் கழுத்துமாக இல்லாவிட்டாலும் கிட்டத்தட்ட அந்த நிலையில் ஊர் திரும்பியபோது, அவர் வாசலில் சிவப்புக் குடை நின்றது.

"வழி விடுங்க" என்றார் டாக்டர்.

"வரிசையில வாங்க ஐயா. எல்லாரும் தொட்டுக்கலாம்."

"இது என் வீடு."

"இங்க வந்தா எல்லாருக்கும் அப்படித்தான் தோணும். அதான் இந்த எடத்தோட மகிமை."

முட்டி மோதி வாசலை அடைந்த டாக்டர், வீடு வந்து சேர்ந்த களைப்பில், கண்ணெதிரே ஒரு கொக்கி இருக்கிறதே என்று, பழக்க தோஷத்தில் தன் தொப்பியைக் கழற்றி அதில் மாட்டினார். கூட்டம் மூச்சை இழுத்துக்கொண்டது. பிறகு எல்லாரும் படம் எடுத்தார்கள். கழுத்துக்கு மேலே தலை இருந்ததைச் சிலர் ஒரு குறையாகச் சொன்னார்கள். மற்றபடி காட்சி எல்லாருக்கும் திருப்தி.

அடுத்த வாரம் பாதுகாப்புக் குழு அவசரமாகக் கூடியது. யாரும் தட்டைத் தொடவில்லை. டாக்டர் ப்ரொஹாஸ்கா எழுந்து நின்றார். அவர் இவ்வளவு உயரம் என்று குழுவுக்கு அன்றுதான் தெரிந்தது.

"இது பொய்" என்றார். "நேத்து முளைச்ச பொய்."

"ஆதாரம்?" என்று ஸெமனோவா அம்மாள் வழக்கப்படி கேட்டார்.

"இதோ நிக்கறாரே ஹினெக், அவரே சொன்னாரு."

ஸெமனோவா அம்மாள் குறிப்பேட்டைப் பின்னோக்கிப் புரட்டிப் படித்தார். "தனி மனுஷனோட நினைப்பு மக்கள் மரபுக்கு முன்னால..."

"தனி மனுஷன்தான் அம்மா உண்மை பேசுவான். கூட்டம் எங்க பேசும்? நான் பல் தேய்க்கறதை ஜன்னல் வழியா பாக்குது கூட்டம். சொல்லுங்க ஹினெக். நீங்கதானே கட்டிவிட்டீங்க?"

ஹினெக் தொண்டையைச் செருமினான். "உண்மையச் சொன்னா உரிமம் போயிடும்னு சொல்லியிருந்தீங்க."

"அது அப்போ."

"இப்போ?"

"இப்போ சொல்லலைன்னாதான் போகும்."

"அப்படின்னா சரிங்க. அது ப்ரோக்குன்னு ஒரு நாயைக் கட்டற கொக்கி."

குழு ஒருமனதாக அதை ஏற்றது. துறவி தொடக்கத்திலிருந்தே இருந்ததில்லை என்று அறிவிக்கப்பட்டது. பச்சை, நீலம், சிவப்பு ஆகிய குடைகள், தங்களுக்கும் முதலிலிருந்தே சந்தேகம் இருந்ததாகச் சாட்சி சொல்லின. கொக்கி கழற்றப்பட்டு, உரிய மரியாதையோடு குச்செரோவா அம்மாளிடம் திருப்பித் தரப்பட்டது. அவள் அதை இந்த முறை கூடத்துக்கு உள்ளே அடித்தாள். ப்ரோக் இப்போது தோன்றிய நேரத்தில் வெளியே போய், தோன்றிய இடத்தில் காலைத் தூக்கி, மானத்தோடு திரும்பி வருகிறது. ஹினெக்கின் அறை ஹினெக்கிடமே இருக்கிறது. சுவரில் இருக்கும் ஓட்டையைப் பற்றி யாராவது கேட்டால் அவன் பதில் சொல்ல வாயெடுப்பான், மேலே ஜன்னல் திறக்கும் சத்தம் கேட்கும், மூடிக்கொள்வான்.

ஆகவே, எங்கள் கொடியில் எழுதியிருப்பது வெறும் அலங்காரம் என்று யாரும் நினைக்க வேண்டாம். வாய்மை வெல்லும். யாராவது ஒருவர் அதைச் சுமந்துகொண்டு போய்த் தலைவர் வீட்டு நிலைக்காலில் திருகிவிட்டு வந்தால் போதும்.