தாரா என்று ஒரு பெயர்

கல்யாணமான நாளிலிருந்து இந்தோனேசியாவின் மேடான் நகரில் இருக்கும் எங்கள் வீட்டில் நான் முடிவு செய்த காரியம் ஒன்றுமில்லை. திரைச்சீலை நிறம் நிடாவின் முடிவு. சாப்பாடு, நான் எந்தச் சட்டையோடு வேலைக்குப் போக வேண்டும், எல்லாமே அவள் முடிவு. அதனால் மகள் பிறந்ததும் சபதம் செய்தேன். பெயர் மட்டும் நான்தான் வைப்பேன்.

பெயர் தயாராகவே இருந்தது. தாரா. கல்லூரியில் என்னோடு படித்தவள். நான் அவளிடம் சொல்ல நினைத்ததையெல்லாம் சொல்லி முடிப்பதற்குள் அவள் பாடாங்கில் ஒருவனைக் கட்டிக்கொண்டு போய்விட்டாள். அந்தப் பெயரை என் வீட்டிலேயே, என் மனைவி எதிரிலேயே, உரிமையோடு சத்தமாகக் கூப்பிட வேண்டும் என்று ஆசை. மாட்டிக்கொள்ளவும் வழியில்லை. எங்கள் மலாய் மொழியில் தாரா என்றால் கன்னிப்பெண். மகளுக்கு வைக்க அதைவிடப் பொருத்தமான பெயர் உண்டா?

நிடா குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள். பெயரைச் சொன்னேன். குழந்தையைத் தட்டிக்கொண்டிருந்த கையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

“என்னங்க, நெஜமாத்தான் சொல்றீங்களா? அப்புறம் மாத்த மாட்டீங்களே?”

“மாத்த மாட்டேன்.”

“சரி. நல்ல பேரு.”

சண்டைக்கு என்று மனப்பாடம் செய்து வைத்திருந்த வாதமெல்லாம் வீணாகப் போயிற்று.

முடி இறக்கும் நாளில் ஆடு வெட்டி விருந்து வைத்தோம். பக்கத்து வீட்டுத் தமிழர் வேலாயுதம் மூக்குப் பிடிக்கத் தின்றுவிட்டு, “இந்த ஊர்ல தாரான்னா புறாவும்தான், எங்க தமிழ்ல வாத்து. பொண்ணு பறக்குமா, நீந்துமா?” என்று கேட்டார். எனக்கு முகம் சுருங்கிவிட்டது. ஆனால் நிடா விடவில்லை. உலகத்திலேயே இதைவிட அழகான பெயர் கிடையாது, பிடிக்காதவர்கள் கூப்பிட வேண்டாம் என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டாள்.

எனக்கு நெஞ்சு இளகிவிட்டது. பாவம், ஒன்றும் தெரியாத அப்பாவி. அதன் பிறகு அவள் அந்தப் பெயரைச் சொல்லிக் கொஞ்சும்போதெல்லாம் உள்ளே குத்தியது. அந்தக் குத்தல் தாங்காமல் அடிக்கடி அவளுக்குப் பிடித்த பீக்கா அம்போன் கேக் வாங்கிக்கொண்டு போனேன். அவளும் மறுக்காமல் சாப்பிட்டாள்.

போன மாதம் ஒருவன் வந்தான். கம்போடியாக்காரன். நிடா கல்யாணத்துக்கு முன்னால் புனோம்பென் ஹோட்டல் ஒன்றில் வேலை பார்த்தாள். அங்கே கூட இருந்தவனாம். வேலை விஷயமாக இந்தப் பக்கம் வந்தவன், அப்படியே பார்த்துவிட்டுப் போக வந்தானாம். நல்ல உயரம். தலைமுடியும் என்னைவிட அதிகம். கை கொடுத்துப் பெயர் சொன்னான்.

“தாரா.”

பொம்பளைப் பெயராயிற்றே என்று சிரித்தேன். அவனும் மரியாதையாகச் சிரித்தான். அவர்கள் ஊரில் அதற்கு நட்சத்திரம் என்று அர்த்தமாம், ஆணுக்கும் வைப்பார்களாம். இவ்வளவு நன்றாக மலாய் பேசுகிறீர்களே, யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று கேட்டேன். அவன் சமையலறைப் பக்கம் பார்த்தான்.

அதே நேரம் உள்ளேயிருந்து நிடா, “தாரா” என்று கூப்பிட்டாள். தினமும் நான் கேட்கிற அதே கொஞ்சல். குழந்தை என் மடியில் தூங்கிக்கொண்டிருந்தது. அவன் எழுந்து போனான்.

அவன் கிளம்பிப் போகும்வரை பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பிறகு கேட்டேன். இப்படி ஒருவன் இருந்ததை ஏன் என்னிடம் சொல்லவில்லை? அந்தப் பெயருக்கு எப்படிச் சரி என்றாய்?

நிடா தேநீர்க் கோப்பைகளை எடுத்து அடுக்கினாள். குரல் உயரவே இல்லை.

“பேரு வெச்சது நீங்க. ஏன் வெச்சீங்கன்னு நான் ஒரு நாளாவது கேட்டேனா?”

இப்போதெல்லாம் என் மகளை நான் ‘குட்டி’ என்றுதான் கூப்பிடுகிறேன்.