நாற்காலியை விட்டு எழாத நாள்

சமீப காலம் வரை, என் ஆயுளில் நான் நடத்திய போராட்டம் ஒன்றே ஒன்றுதான். அதையும் எழுந்திருக்க முடியாத காரணத்தால்தான் நடத்தினேன். இந்த உண்மையை வெளியே சொல்லாமல், பெரிய தியாகி மாதிரி முகத்தை வைத்துக்கொண்டே பல வருஷம் ஓட்டிவிட்டேன்.

மூன்று வயதில் வந்த காய்ச்சல் என் வலது காலைச் சூம்ப வைத்துவிட்டுப் போனது. அடியில் கட்டை வைத்துத் தைத்த பூட்ஸ், கையில் ஒரு தடி. இரண்டும் இருந்தால் பெங்களூர் கண்டோன்மென்ட் முழுவதையும் சுற்றி வந்துவிடுவேன். தடி இல்லாவிட்டால் நான்கு அடி நடப்பேன். ஐந்தாவது அடிக்குத் தரைதான்.

டீச்சர் பயிற்சியில் நான் முதல் வகுப்பு. ஆனால் இரண்டு பள்ளிக்கூடங்களில் கேட்டிலிருந்து வராந்தாவுக்கு நடந்து வருவதற்குள் என் வேலை போய்விட்டது. ஒரு இடத்தில் பெயரைக்கூடக் கேட்கவில்லை. "பாவம், இவ்வளவு தூரம் வந்தீங்களே" என்று சொல்லி, குடிக்கத் தண்ணீர் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். (நல்ல குளிர்ந்த தண்ணீர். அதைக் குறை சொல்லக் கூடாது.)

மூன்றாவதாக ஒரு பெண்கள் பள்ளியிலிருந்து நேர்முகத்துக்கு அழைப்பு வந்தது. யுத்த காலம் அது. விளம்பரத்தின் கடைசி வரி, 'அங்கக் குறைவு இல்லாதவராக இருத்தல் வேண்டும்.' அதை மறுபடி பார்த்துவிட்டு நான் அழைப்புக் கடிதத்தைக் கிழிக்கப் போனேன். என் அண்ணன் ஞானமுத்து, ரயில்வே கூட்ஸ் ஆபீஸ் குமாஸ்தா, அதைப் பிடுங்கிக்கொண்டான்.

"நீ நடந்தாத்தானே தெரியும்? நடக்காதே!"

"பறந்தா போறது?"

"அவங்க வர்றதுக்கு முன்னாலேயே உள்ளே போய் உட்கார்ந்துடு. புடவை பூட்ஸை மூடிக்கும். தடியை நான் எடுத்துட்டுப் போயிடறேன்."

மூன்று நாள் உட்கார்ந்து இந்தத் திட்டத்தைத் தீட்டினோம். உள்ளே போவதற்கு அத்தனை யோசித்த இரண்டு புத்திசாலிகளும், வெளியே வருவதற்கு ஒரு நிமிஷம்கூட யோசிக்கவில்லை.

நேர்முகத்தன்று காலை எட்டு மணிக்கெல்லாம் ஜட்காவில் போய் இறங்கினோம். பியூன் முனியப்பா அப்போதுதான் நேர்முக அறையைத் துடைத்துக்கொண்டிருந்தார். பட்டியலில் முதல் பெயர் என்னுடையது என்று சொல்லி அண்ணன் என்னை உள்ளே நாற்காலியில் உட்கார வைத்தான். புடவையைத் தரை வரை இழுத்துவிட்டான். "மத்தியானம் வந்துடறேன்" என்று கிசுகிசுத்துவிட்டு, தடியைக் குடை மாதிரி கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஆபீசுக்குப் போய்விட்டான்.

ஒன்பது மணிக்குப் பள்ளிக் கமிட்டியின் செக்ரட்டரி ஐயாவும் தலைமையாசிரியை மிஸ் சாலமனும் உள்ளே வந்தார்கள். பெரியவர்கள் வந்தால் எழுந்து நிற்க வேண்டும் என்பது அப்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது. எழ முடியாத குற்றத்தை ஈடுகட்ட, உட்கார்ந்தபடியே குனிந்து கும்பிட்டேன். குனிந்த வேகத்தில் நெற்றி மேஜையில் 'டங்' என்று இடித்தது.

"அடி பட்டுடுச்சாம்மா?" என்றார் மிஸ் சாலமன்.

"இல்லீங்க மேடம், பழக்கம்தான்" என்றேன். (என்ன பழக்கம் என்று அவர் கேட்காமல் விட்டது கர்த்தருடைய கிருபை.)

செக்ரட்டரி மைசூர் சர்க்கார் உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்றவர். சுவரில் தொங்கிய வரைபடத்தைக் காட்டி, "எழுந்து போய்க் காவேரியைக் காட்டும்மா" என்றார். கண்ணை மூடிக்கொண்டேன். குடகில் பிறந்து, சிவசமுத்திரத்தில் விழுந்து, ஒகேனக்கலில் குதித்து, ஸ்ரீரங்கத்தைச் சுற்றிக்கொண்டு கடலில் சேரும் வரை காவேரியை வாயாலேயே ஓட வைத்தேன். அவர் சொக்கிப்போனார். மிஸ் சாலமன், பின்னக் கணக்கைக் கரும்பலகையில் நடத்திக் காட்டச் சொன்னார். "பின்னத்துக்குப் பலகை வேண்டாங்க மேடம், ஒரு கொய்யாப்பழம் போதும்" என்று ஆரம்பித்து, இல்லாத கொய்யாவை இல்லாத கத்தியால் எட்டாக நறுக்கி, எட்டுப் பிள்ளைகளுக்கும் பங்கு போட்டேன். மிஸ் சாலமன் சிரித்தேவிட்டார்.

"சபாஷ். நீங்க போகலாம்" என்றார் செக்ரட்டரி.

நான் போகவில்லை.

"போகலாம்மா."

"சரிங்க ஐயா" என்று உட்கார்ந்தே இருந்தேன்.

"முடிவு தபால்ல வரும்."

"வரட்டுங்க."

கடிகாரம் ஆணியடிப்பது போல் சத்தம் போட்டது. முனியப்பா குனிந்து, "அம்மா, ஏளி, ஏளி... எழுந்திரிங்க, வெளியே அஞ்சு பேர் காத்திருக்காங்க" என்றார். எழுந்தால் ஐந்தாவது அடியில் விழுவேன். விழுந்தால் வேலையும் விழும்.

செக்ரட்டரி கண்ணாடியைக் கழற்றி என்னை உற்றுப் பார்த்தார். அந்த நாளில் ஊரெங்கும் கடை வாசலிலும் சர்க்கார் ஆபீஸ் வாசலிலும் யாராவது மறியல் என்று உட்கார்ந்துகொண்டுதான் இருந்தார்கள்.

"என்னம்மா இது, சத்தியாகிரகமா?"

மூழ்குகிறவனுக்குக் கயிறு கிடைத்த மாதிரி இருந்தது. "ஆமாங்க ஐயா!" என்றேன்.

"எதுக்கு?"

சத்தியாகிரகத்துக்குக் கோரிக்கை என்று ஒன்று வேண்டும் என்பது அதன் பிறகுதான் உறைத்தது. திருதிருவென்று விழித்தேன். வாயில் வந்தது மனதில் கிடந்ததுதான். "விளம்பரத்துல கடைசி வரி இருக்கே, அங்கக் குறைவு இல்லாதவர்னு. அதை எடுத்துடணும். பாடம் நடத்தறது வாயும் மூளையும்தானே, ஐயா?"

"அதனால உனக்கென்ன நஷ்டம்?"

அங்கேதான் நான் கேவலமாகச் சறுக்கினேன். "எனக்கு ஒண்ணுமில்லீங்க, பொதுவாத்தான் கேக்கறேன்" என்றேன். இயேசுவைத் தெரியாது என்று மறுதலிக்கப் பேதுருவுக்கு மூன்று தரம் தேவைப்பட்டது. நான் ஒரே தரத்தில் முடித்துவிட்டேன். பூட்ஸை இன்னும் உள்ளே இழுத்துக்கொண்டேன்.

செக்ரட்டரி பிடிவாதக்காரர். "இருக்கட்டும், எவ்வளவு நேரம்தான் உட்காருவாள்னு பார்ப்போம்" என்று பக்கத்தில் வேறு நாற்காலி போடச் சொன்னார். மற்ற ஐந்து பெண்களுக்கும் என் தோளோடு தோளாகத்தான் நேர்முகம் நடந்தது. இரண்டாவதாக வந்தவள் நானும் கமிட்டி அங்கத்தினர் என்று நினைத்து எனக்கும் ஒரு கும்பிடு போட்டாள். மூன்றாவதாக வந்தவள் காவேரியை அரபிக்கடலில் விடப் போனபோது என் வாய் தானாகத் திறந்தது. "சத்தியாகிரகி பேசக் கூடாது!" என்று அதட்டினார் செக்ரட்டரி.

மணி ஒன்று. எல்லாரும் போயாகிவிட்டது. நாங்கள் மூவரும் முனியப்பாவும் மட்டும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தோம். பசி, தாகம், அதைவிட அவசரமான இன்னொரு தொல்லை. அப்போது கதவைத் தள்ளிக்கொண்டு அண்ணன் நுழைந்தான். அறை காலியாக இருக்கும் என்ற நம்பிக்கையில் தலையைத் தூக்காமலே,

"எஸ்தர், இந்தா உன் தடி" என்றான்.

பிறகுதான் தலையைத் தூக்கினான்.

செக்ரட்டரி தடியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், புடவையின் கீழ் ஓரத்தைப் பார்த்தார். "ஓ" என்றார். அந்த ஒரு எழுத்தை இரண்டு பள்ளிக்கூடங்களில் ஏற்கெனவே கேட்டிருக்கிறேன்.

தடியை வாங்கி எழுந்தேன். "ஏமாத்திட்டியேம்மா" என்றார் அவர்.

"ஆமாங்க ஐயா. நடந்து வந்திருந்தா நீங்க காவேரியைக் கேட்டிருப்பீங்களா?"

இதைச் சொல்லும்போது என் குரல் கம்பீரமாக ஒலித்ததாக அண்ணன் ஊரெல்லாம் சொல்லியிருக்கிறான். பொய். அழுதுகொண்டே சொன்னேன், மூக்கு வேறு ஒழுகியது. மிஸ் சாலமன் எழுந்து வந்து கதவைத் திறந்து பிடித்துக்கொண்டார். கதவு வரைக்கும் பதினான்கு அடி. பூட்ஸ் ஒவ்வொரு அடிக்கும் சத்தம் போட்டது.

மூன்று வாரம் தபால்காரர் வரும் நேரத்துக்கு வாசலிலேயே உட்கார்ந்திருந்தேன். கடைசியில் கடிதம் வந்தது. ஒரு டெர்ம் மட்டும், தற்காலிகமாக, ஒன்றாம் வகுப்புக்கு. மற்றவர்களிடம் கேட்காத டாக்டர் சர்ட்டிபிகேட் ஒன்றும் வேண்டும் என்று எழுதியிருந்தது. கோபம் வந்தது. சர்ட்டிபிகேட்டும் வாங்கிக் கொடுத்தேன். அந்த ஒரு டெர்ம் இருபத்தாறு வருஷம் நீண்டது.

அடுத்த வருஷ விளம்பரத்தில் அந்த வரி இல்லை. கமிட்டியின் மனசாட்சி விழித்துக்கொண்டது என்று பூரித்துப்போயிருந்தேன். செக்ரட்டரி கமிட்டியில் சொன்னதைப் பிற்பாடு மிஸ் சாலமன் எனக்குச் சொன்னார்: "அந்த வரியை எடுத்துடுங்க. இல்லேன்னா மறுபடி யாராவது வந்து உட்கார்ந்துக்குவாங்க."

கல்யாண வீட்டுப் பந்தியில் எல்லாரும் எழுந்த பிறகும் நான் இலையின் முன்னால் உட்கார்ந்திருந்தால், அண்ணன் பிள்ளைகள் இன்றைக்கும் கத்துவார்கள்: "அத்தைக்கு என்ன கோரிக்கைன்னு கேளுங்கப்பா!"

நானும் சளைக்காமல் ஒன்று சொல்வேன். போன தடவை, எங்கள் தெருவில் புதிதாகக் கட்டிய தபாலாபீசுக்கு ஏழு படி வைத்து, பிடித்து ஏற ஒரு கம்பிகூட வைக்காததைச் சொன்னேன். பிள்ளைகள் சிரித்தார்கள். மறுநாள் காலை தடியை எடுத்துக்கொண்டு நேரே அங்கே போய், முதல் படியில் உட்கார்ந்தேன்.