பருத்திப் புஞ்சையில் புதைத்த படம்

சினிமா எடுத்து, தனக்கிருந்த ஒரே ரசிகனையும் தூங்கவைத்தவர் இந்த உலகத்திலேயே எங்கள் சுருள் அண்ணாச்சி ஒருவர்தான். அந்த ரசிகன் நான். கோவில்பட்டியில் அவர் வீட்டு மாடியில் குடியிருக்கிற பாவத்துக்கு!

அவர் படத்தில் நடிகர் கிடையாது, கதை கிடையாது, கேமராவே கிடையாது. எங்கிருந்தோ பழைய பிலிம் சுருளை வாங்கிவந்து கரிசல் மண்ணில் புதைப்பார். மழையும் மண்ணும் அரித்து என்ன கோலம் போடுகிறதோ, அதுதான் படம். மனைவி போய்ச்சேர்ந்த பிறகு பிடித்த கிறுக்கு. "ஒரு ஆளாவது கடைசி வரைக்கும் முழிச்சிருந்து பாக்கணும்டே. வேற ஒண்ணும் வேண்டாம்" என்பார். நான் கொட்டாவியை விழுங்கிக்கொண்டு தலையாட்டுவேன். பாதியில் குறட்டை.

ஒருமுறை பசுவந்தனைப் பக்கம் யாருடைய பருத்திப் புஞ்சையிலோ, கேட்காமல் கொள்ளாமல் புதைத்துவிட்டார். மழை ஓய்ந்து நாங்கள் எடுக்கப் போனால், புஞ்சைக்காரர் செய்வினை என்று பயந்து, பேயோட்டும் கோடாங்கியைக் கூட்டிவந்து தோண்டிக்கொண்டிருக்கிறார். கறுப்பாகச் சுருண்டு வந்தது பிலிம்.

"ஆத்தாடி! கருநாகத்தையில்லா பொதைச்சிருக்கான்! தீயில போடுங்கலே!" என்று அலறினார் கோடாங்கி.

அண்ணாச்சி பாய்ந்து அதன்மேல் குப்புற விழுந்தார். "எரிக்கதுன்னா என்னையும் சேத்து எரிங்கவே! ஓட்டிக் காட்டுதேன். பேய் இருந்தா அப்புறம் கொளுத்துங்க."

ப்ரொஜெக்டர் வந்தது. பொழுது சாய, ஊரே சாவடிச் சுவருக்கு முன்னால் கூடியது. வெடிப்பு, புள்ளி, பழுப்புக் கறை. அண்ணாச்சி முகத்தில் கல்யாணக் களை!

"பேயும் இல்ல, ஒரு பாட்டும் இல்ல" என்று கோடாங்கி துண்டை உதறிக்கொண்டு எழுந்தார். ஊரும் எழுந்தது. மிச்சம் நான். நானும் தூங்கிவிட்டேன்.

இப்போது அவரை மகன் பெங்களூருக்குக் கூட்டிப்போய்விட்டான். ஆறாவது மாடி. புதைக்க அங்கே மண் ஏது? ப்ரொஜெக்டரும் அந்தச் சுருளும் என்னிடம். கீழ்வீடு பூட்டிக் கிடப்பதைப் பார்க்கச் சகிக்காமல் நேற்று எடுத்து ஓட்டினேன். முடிந்ததும் போன் போட்டேன்.

"பாத்தேன் அண்ணாச்சி. கடைசி வரைக்கும்."

"பொய் சொல்லாதடே."

"கடைசில பருத்தி வேர் ஓடுன தடம், வெள்ளையா பிரிஞ்சு பிரிஞ்சு போகுதுல்லா?"

மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. "இன்னொருக்கா போடுடே. போனைப் பக்கத்துல வையி. சத்தமாவது கேக்கட்டும்" என்றார்.

வைத்தேன். சுருள் ஓடி முடிகிற வரைக்கும் இரண்டு பேரும் முழித்திருந்தோம்.