நல்ல வடிவு செத்துப்போன விவகாரம்

பிள்ளையார்பாளையம்,
காஞ்சிபுரம்.
12-12-1968

சௌபாக்கியவதி வடிவாம்பாளுக்கு அப்பா கைலாசம் மனதார ஆசீர்வதித்து எழுதிக்கொண்டது. இங்கு நான், உன் அம்மா, தம்பி பழனி, நாலு தறி எல்லோரும் க்ஷேமம். கோடம்பாக்கத்தில் உன் உடம்புக்கும் வேளாவேளைச் சாப்பாட்டுக்கும் காமாட்சியம்மன் துணை இருக்கட்டும்.

நிற்க. உன் நடிப்பைப் பற்றி நான் இதுவரை ஒரு குறை சொன்னதில்லை. பள்ளிக்கூட வயதில், நம் தெரு நாடகத்தில் எமன் வேஷக்காரன் ஜுரத்தில் படுத்ததும் நீ மீசை ஒட்டிக்கொண்டு மேடை ஏறினாய். பாதிச் சனம் எழுந்து ஓடியது. தாவணி போட்ட வயதில் சபா நாடகத்தில் கிழவியாக இருமினாய். முன்வரிசையில் இருந்த வைத்தியர் மேடையேறி நாடி பிடித்துப் பார்த்தார். சினிமாவுக்குப் போய் டாக்டர், குருடி, கொள்ளைக்காரி என்று எதை விட்டாய்? எல்லாவற்றையும் பெருமையாகத்தான் சொல்லிக்கொண்டு திரிந்தேன். ஆனால் இந்த இரட்டை வேஷத்துக்கு ஒத்துக்கொள்ளும் முன் அப்பாவை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

நடந்தது என்னவென்றால், பழனிக்குப் பேசி முடித்த தென்னேரிப் பெண் பொன்னியம்மாள் வீட்டார், நாத்தனார் முடிச்சு போடப்போகிறவள் நீதானே என்று ஆசையாக வண்டி கட்டிக்கொண்டு டூரிங் கொட்டகைக்குப் போய் உன் படத்தைப் பார்த்திருக்கிறார்கள். அதில் நல்ல அக்காவும் நீ, கெட்ட தங்கையும் நீ. தங்கை பாலில் விஷம் கலந்து அக்காவைக் கொன்றுவிட்டுச் சிரிக்கிறாள். மறுநாள் காலையில் பெண்ணின் அப்பா அப்பாதுரை பத்துப் பேரோடு நம் வாசலில் நின்று, துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு அழுகிறார். "இவ்ளோ பெரிய துக்கத்த மறச்சிட்டீங்களே சம்பந்தி. மூத்தவங்க போயி ஒரு வருஷம் ஆவாம எப்படி கல்யாணம் பண்றது?" என்கிறார். நான் தறியை விட்டு ஓடிவந்து, "எனக்கு ஒரே பொண்ணுதான் சம்பந்தி, ரெண்டு தபா படம் புடிச்சி ஒட்டிக்கிறாங்க" என்றேன். "அதெப்படி, ரெண்டு பேரும் ஒரே கட்டில்ல உக்காந்துக்கினு பேசினத நான் பாத்தேனே" என்கிறார் மனுஷர். "சரி, போனவங்க போயிட்டாங்க. மிச்சம் இருக்கறது விஷம் வச்சவங்கதானே? அந்தக் கையால எங்க பொண்ணுக்கு முடிச்சு போடறதா?"

சும்மா விட்டேனா? நீ பிறந்தபோது பிரசவம் பார்த்த சைதுன் பீவியைத் தென்னேரிக்கே கூட்டிக்கொண்டு போய் நடுக்கூடத்தில் உட்காரவைத்து, உள்ளதைச் சொல்லம்மா என்றேன். அந்த அம்மாள் வெற்றிலையை மென்றுகொண்டே, "ஒண்ணு பொறந்திச்சி, குளிப்பாட்டிக் குடுத்துட்டுக் கெளம்பிட்டேன். அப்பறம் இன்னொண்ணு பொறந்திச்சின்னா எனக்கு எப்படித் தெரியும்?" என்று சொல்லிவிட்டது. அவளும் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறாள். இதில் கொடுமை, இரண்டு நாளாக உன் அம்மாவும் ஏதோ யோசனையாகவே இருக்கிறாள்.

கடைசியில் அப்பாதுரை கறாராகச் சொல்லிவிட்டார்: நீ பந்தலில் கால் வைத்தால் பெண் கிடையாது. பழனி சாப்பிடாமல் தறிக்குழியிலேயே உட்கார்ந்திருக்கிறான். ஆகையால் அம்மா, உன் பெரியப்பா மகள் லோகாம்பாள் முடிச்சு போடட்டும், நீ கல்யாணத்துக்கு வரவேண்டாம். கூடப்பிறந்தவன் கல்யாணத்துக்குப் பெற்ற பெண்ணையே வராதே என்று எழுத எனக்கு வெட்கமாக இருக்கிறது, வயிறு எரிகிறது. அப்பாவை மன்னித்துவிடு.

தீர்க்காயுசாக, இன்னும் நூறு வேஷம் கட்டி (ஒரு சமயத்தில் ஒன்றாக) நன்றாக இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
உன் அப்பா
கைலாசம்

பி.கு.: இதைத் தபாலில் போடக் கிளம்பும்போது அப்பாதுரை மறுபடி வந்துவிட்டார். பெண் பொன்னியம்மாளே வழி சொல்லி அனுப்பினாளாம். கல்யாணத்துக்கு முன்னால், வீட்டில் இறந்த பெண்ணுக்குப் புதுப்புடவை வைத்துப் பூவாடைக்காரி படையல் போடுவோமே, அதைச் செத்துப்போன நல்ல வடிவுக்கு நாம் போட்டுவிட வேண்டுமாம். "படச்சிட்டா அவங்க தெய்வமா வந்து கூடவே நிப்பாங்க சம்பந்தி. கெட்டவங்க வாலாட்ட முடியாது. தாராளமா வந்து முடிச்சு போடட்டும்" என்கிறார். தீட்டும் அதோடு தீர்ந்ததாம். மேலே எழுதியதை எல்லாம் அடித்துவிட்டுக் கல்யாணத்துக்குப் புறப்பட்டு வா. படைத்த புடவையை வழக்கப்படி வீட்டுப் பெண்தான் கட்டிக்கொள்ள வேண்டும், அது நீதான். செத்தவளுக்கு எந்த நிறம் பிடிக்கும் என்று உன் அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்கிறாள். அந்தப் புடவையை நானே நெய்யப்போகிறேன், தறியில் பாவு ஏற்றுவதற்குள் எழுது.