ஃபாலோ-அப் அக்காவும் ஒரு வரி இடமும்

திருப்பூரிலிருந்து கப்பலேறிய பனியன்களில் பாதி, என் நடு அக்காவுக்குப் பயந்துகொண்டுதான் ஏறியிருக்கின்றன. மீதிப் பாதி, அவள் லீவு போட்ட நாட்களில் தாமதமாக ஏறியவை. நம்பாதவர்கள் திருப்பூரில் எங்கள் ராயபுரத்துக்கு வந்து யாரை வேண்டுமானாலும் கேட்கலாம். பெயரைச் சொல்லிக் கேட்டால் மட்டும் தெரியாது. "ஃபாலோ-அப்" என்று கேட்க வேண்டும். எங்கள் வீட்டிலேயே அவளுக்கு அதுதான் பெயர்.

பனியன் கம்பெனிகளில் அப்படி ஓர் உத்தியோகம் உண்டு. நூல் துணியாகி, துணி சாயமேறி, வெட்டுப்பட்டுத் தையலுக்கு வரும்வரை ஒவ்வோர் இடமாகப் போய் "என்னாச்சுங்க, எப்பங்க, இன்னும் இல்லீங்களா?" என்று கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். நச்சரிப்பதற்குச் சம்பளம் கொடுக்கும் வேலை வேறு எங்கும் இருப்பதாகத் தெரியவில்லை.

சாயப்பட்டறையில் எல்லாருக்கும் சொல்லும் பதில் ஒன்றுதான்: "மத்தியானம் வந்துருமுங்க." மற்றவர்கள் சரியென்று திரும்பிவிடுவார்கள். இவள் அங்கேயே ஒரு துணி உருளைமேல் உட்கார்ந்து டிபன் பாக்ஸைத் திறப்பாள். "நீங்க பாருங்ணா, நா இருக்கறனுங்க." அந்தப் பட்டறை மேனேஜர் ஒருநாள் அப்பாவைத் தேடி வந்து, "உங்க புள்ளைக்கு நானே மாப்பிள்ளை பாத்துத் தர்றனுங்க. வெளியூராப் பாக்கட்டுங்களா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

வடக்கிலிருந்து வந்த பையன்களிடம் பேச அவள் கற்றுக்கொண்ட இந்தி ஒரு சொல்தான். "கப்?" எப்போது என்று அர்த்தம். அவர்கள் "அபி, தீதி" என்பார்கள், இதோ ஆச்சு அக்கா என்று. இவள் கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டி மறுபடி "கப்?" என்பாள். அந்த ஒற்றைச் சொல்லை வைத்துக் கண்டெய்னர் கண்டெய்னராக அனுப்பியிருக்கிறாள்.

இந்தத் திறமைக்கெல்லாம் காரணம், அவள் நடுவில் பிறந்ததுதான் என்பது என் அபிப்பிராயம். நாங்கள் மூன்று பெண்கள். பெரியக்கா மூத்தவள், எல்லாம் அவளுக்கு முதலில். நான் கடைக்குட்டி, இந்த வயதிலும் வீட்டில் பாப்பா. பெரியக்காவின் பாவாடை இவளுக்கு வரும். இவளிடமிருந்து எனக்கு வருவதற்குள் நைந்துவிடும் என்பதால் எனக்குப் புதிதாக எடுப்பார்கள். அதற்காக நான் வருத்தப்பட்டதாக ஞாபகம் இல்லை.

அப்பாவின் மொபெட்டில் ஐந்து பேர் போவோம். நான் முன்னால் நின்று காற்று வாங்குவேன். பெரியக்கா பின்னால் கடைசியில் உட்கார்ந்து வேடிக்கை பார்ப்பாள். நடு அக்கா அப்பாவின் முதுகுக்கும் அம்மாவின் வயிற்றுக்கும் இடையில் சொருகப்பட்டிருப்பாள். காங்கேயம், வெள்ளகோவில் என்று எத்தனை தடவை போய்வந்தும் வழியில் என்ன இருந்தது என்று அவளுக்குத் தெரியாது. தெரிந்ததெல்லாம் அப்பாவின் டி-சர்ட். அப்பாவின் உடுப்பெல்லாம் எக்ஸ்போர்ட்டில் கழித்துப் போட்டவை. ஏழு வயதிலேயே மூக்கை வைத்து, இது சிங்கிள் ஜெர்சித் துணி, இது இன்டர்லாக் துணி என்று சொல்லிவிடுவாள். நாங்கள் சிரித்தோம். பிற்பாடு கம்பெனிக்காரர்கள் சிரிக்காமல் வேலை கொடுத்தார்கள்.

வீட்டுக்குள்ளும் அவளுக்கு இடைப்பட்ட உத்தியோகம்தான். அப்பாவும் அம்மாவும் மாதத்தில் பாதி நாள் பேசிக்கொள்ள மாட்டார்கள். அப்பா, "ரசமா இது, கழனித் தண்ணியான்னு உங்கம்மாள கேளு" என்பார். இவள் சமையலறைக்குப் போய், "அப்பா இன்னும் கொஞ்சம் ரசம் கேக்கறாருங்கம்மா" என்பாள். அம்மா, "வேணும்னா அவரையே வெச்சுக்கச் சொல்லு" என்பாள். இவள் திரும்பி வந்து, "சூடு பண்ணிக் கொண்டாறாங்களாமுங்க" என்பாள். எங்கள் பெற்றோர் இத்தனை வருடம் சேர்ந்து குடித்தனம் செய்தது இவள் திருத்தி வெளியிட்ட பதிப்பை நம்பித்தான்.

ஆகவே பெரியக்காவுக்குக் கல்யாணம் நிச்சயமானதும் பத்திரிகை வேலை தானாக இவள் தலையில் விழுந்தது. எங்கள் பக்கம் கல்யாணப் பத்திரிகை அடிப்பதற்கு எல்லைத் தகராறு தீர்க்கும் சாமர்த்தியம் வேண்டும். யார் பெயர் யாருக்கு மேலே, எந்தச் சித்தப்பாவுக்கு முன்னால் எந்தப் பெரியப்பா என்று ஒன்றரை மாதம் போனும் கையுமாக அலைந்தாள்.

அதிலும் வெள்ளகோவில் மாமா இருக்கிறாரே, அம்மாவின் அண்ணன், அவர் தனி வழக்கு. கொப்பரை காயவைக்கும் தேங்காய்க் களம் வைத்திருப்பவர். தம் பெயருக்குக் கீழே 'தேங்காய்க் களத்தார் நலச் சங்க முன்னாள் துணைச் செயலாளர்' என்ற பட்டம் வந்தே ஆக வேண்டும் என்று நின்றார். எழுத்து சின்னதாக இருக்கக் கூடாது. சங்கத்தின் பெயரைச் சுருக்கவும் கூடாது.

ஒருவழியாகப் பத்திரிகை அச்சாகி வந்தது. அப்பா பிரித்தார், தம் பெயரைப் பார்த்தார், தலையாட்டினார். அம்மா தன் பெயரைப் பார்த்தாள். பெரியக்கா தன் பெயரையும் மாப்பிள்ளை பெயரையும் மாறி மாறிப் பார்த்தாள். நானும் பார்த்தேன். என் பெயர் எழுத்துப்பிழை இல்லாமல் இருந்தது. திருப்தியாக மூடி வைத்தேன்.

முதல் பத்திரிகை தாய்மாமனுக்கு. மணப்பெண்ணை வீட்டில் விட்டுவிட்டு, வெற்றிலை பாக்கு பழத்தோடு நாங்கள் நால்வரும் காரில் வெள்ளகோவிலுக்குப் போனோம். மாமா கண்ணாடியை மாட்டிக்கொண்டு பத்திரிகையைப் பிரித்தார். விரலை வைத்து வரிவரியாக இறங்கினார். பட்டத்தைத் தாண்டியதும் அம்மா மூச்சு விட்டாள். விரல் கடைசிவரை போய், மறுபடி மேலே ஏறி, மறுபடி இறங்கியது. பிறகு பத்திரிகையை மடித்துத் தட்டில் வைத்து, தட்டை அப்பா பக்கம் தள்ளினார்.

"ஏனுங் மச்சான், பட்டத்துல ஏதாச்சும் தப்புங்களா?" என்றார் அப்பா.

"பட்டம் கெடக்குது. பூங்கொடி பேரு எங்க மாப்ள?"

சத்தியமாகச் சொல்கிறேன், யார் இந்தப் பூங்கொடி என்று நான் ஒரு கணம் யோசித்தேன். அம்மாவும் யோசித்தது அவள் முகத்தில் தெரிந்தது. பழத்தட்டோடு கதவோரம் நின்றிருந்த ஃபாலோ-அப் மட்டும் தலையைக் குனிந்துகொண்டாள்.

பத்திரிகையைப் பிடுங்கிப் பார்த்தேன். 'சகோதரி' என்று போட்டு, அதன் கீழே நான் மட்டும் தன்னந்தனியாக இருந்தேன். வீட்டில் முதலில் பார்த்தபோது அது எனக்கு உறுத்தவே இல்லை. கடைக்குட்டிகளுக்கு அப்படித்தான் கண் அமைந்திருக்கிறது.

"பிரஸ்காரங்க உட்டுட்டாங்களா கண்ணு?" என்றாள் அம்மா.

"இல்லீங்கம்மா, நாந்தான் எடுத்துட்டேன். மாமா பட்டம் ரெண்டு வரி ஆயிருச்சு, ஒரு வரி இடம் பத்தலைன்னாங்க. பட்டத்த எடுத்தா மாமா சண்டைக்கு வருவாரு. மாப்பிள்ளை ஊட்டு வரியில கை வெச்சா அவிய வருவாங்க. பாப்பா பேர எடுத்தா மூணு நாளு அழுவா. என்ற பேருன்னா ஆரு சண்டைக்கு வரப்போறாங்கன்னு எடுத்துட்டனுங்க."

துணி இன்னும் சாயப்பட்டறையில் இருக்கிறது என்று சொல்வாளே, அதே குரல். அதில் கோபம் இருந்திருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

மாமா எழுந்துவிட்டார். "நா வர்றேன் சண்டைக்கு! ஏம் மாப்ள, இந்தப் புள்ள எனக்கு இருவத்தேழு தடவ போனு போட்டுது. பட்டத்துக்குப் பொறவு கமாவா புள்ளியான்னு கேக்கவே நாலு தடவ. ஒவ்வொரு தடவையும் வெக்கறதுக்கு முன்னால, 'மாமா, சக்கரை மாத்தர போட்டீங்களா'ன்னு கேக்கும். என்ற மவன்கூட ஒருநாளும் கேட்டதில்ல. அந்தப் புள்ள பேரு இல்லாத பத்திரிக்கைய நா வாங்க மாட்டேன். தாய்மாமன் இல்லாம எப்படிக் கல்யாணம் பண்ணிப்போடறீங்கன்னு பாக்கறேன்!"

"அத்தனையும் அடிச்சாச்சுங்களே மச்சான்..."

"என்ற பட்டத்து மேல ஒட்டுங்க. அந்தச் சங்கமே கலஞ்சு ஆறு வருசமாச்சு."

இதை முதலிலேயே சொல்லியிருந்தால் ஒன்றரை மாதம் மிச்சமாகியிருக்குமே என்று சொல்ல வாயெடுத்தேன். அம்மா என் தொடையைக் கிள்ளினாள்.

எங்கள் அப்பா தானாக யாருக்கும் போன் செய்கிற வழக்கம் இல்லை. எல்லாவற்றுக்கும் "ஃபாலோ-அப்புகிட்ட சொல்லு" என்பார். அன்று திரும்பும் வழியில், காங்கேயம் தாண்டியதும் அவரே போனை எடுத்தார். அப்பா நடத்தும் சின்னப் பேக்கிங் யூனிட்டுக்கு ஸ்டிக்கர் அடித்துத் தருகிறவரைக் கூப்பிட்டார். "'சகோதரி பூங்கொடி'ன்னு போடுங்க. ஆயிரம் வேணும். எப்பங்க கெடைக்கும்?" பத்து நிமிடத்தில் மறுபடி கூப்பிட்டு, "ஆரம்பிச்சாச்சுங்களா?" என்றார். ராயபுரம் வருவதற்குள் இன்னும் மூன்று தடவை.

"அப்பா, இத்தன தடவ போடக் கூடாதுங்க. கோவிச்சுக்குவாங்க" என்றாள் ஃபாலோ-அப்.

சாயங்காலம் யூனிட்டில் பனியன்களை ஒதுக்கிவிட்டுப் பேக்கிங் மேசையில் பத்திரிகைகளைப் பரப்பினோம். கல்யாணப் பெண்ணே முதல் ஆளாக வந்து உட்கார்ந்தாள். வடக்கிலிருந்து வந்த பேக்கிங் பையன்களும் சேர்ந்துகொண்டார்கள். அவர்களில் ஒருவன் ஸ்டிக்கரைக் காட்டி என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டான். "தீதி" என்றேன். அதன்பிறகு இன்னும் கவனமாக ஒட்டினான்.

அப்பா நாலைந்து ஒட்டிவிட்டு நிறுத்தினார். நடு அக்காவின் முகத்தைப் பார்க்காமல் மேசையைப் பார்த்துச் சொன்னார்: "கண்ணு, பத்திரிக்கை வந்தப்ப உன்ற பேரு இல்லாதத நா பாக்கல. என்ற பேரத்தான் பாத்தேன்."

"பரவால்லீங்கப்பா."

"பரவால்லைன்னு சொல்லாத சாமி. எனக்குப் பரவா இருக்குது."

அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, ஒட்டி முடித்த கட்டை இழுத்துவைத்து ஒவ்வொன்றாகப் பார்க்க ஆரம்பித்தாள். "இது கோணல். இது மேல ஏறிருச்சு. இதென்ன, தலைகீழா ஒட்டியிருக்குது? என்ற பேருதானேன்னு எப்படி வேணும்னாலும் ஒட்டுவீங்களா?" என்று அதட்டினாள். அவள் தனக்காக ஒரு விஷயத்தை விடாமல் கேட்டு நான் பார்த்தது அன்றைக்குத்தான். பெரியக்கா உட்பட எல்லாரும் மறுபேச்சில்லாமல் பிரித்து ஒட்டினோம்.

மாமா பத்திரிகையை வாங்கிக்கொண்டார். முதல் ஆளாக மண்டபத்துக்கு வந்து, பட்டம் மறைந்த பத்திரிகையை எல்லாரிடமும் காட்டிக்கொண்டு திரிந்தார்.

அவள் கண்ணில் படாமல் ஒரு பத்திரிகையை நான் எடுத்து வைத்திருக்கிறேன். நான் ஒட்டியது, நல்ல கோணல். அன்று கண்ணில் தண்ணீர் நிறைந்து எனக்கு எதுவும் நேராகத் தெரியவில்லை. போன மாதம் அதைக் கண்டுபிடித்துவிட்டாள். வாராவாரம் போன் செய்து, "குடு பாப்பா, நேரா ஒட்டித் தர்றேன்" என்கிறாள். கொடுக்க மாட்டேன். பிறந்ததிலிருந்து என் அக்காவுக்காக நான் செய்த முதல் வேலை அது.